பைலைனில் இல்லாத பெயர்

"நீங்கள்தான் சீனம் படித்தவராயிற்றே, உங்களுக்கு எதற்கு உதவியாளர்?" பெய்ஜிங்கில் செய்தியாளராக இருந்த காலத்திலும் சரி, திரும்பி வந்து சீனக் கதைகளைத் தமிழாக்கத் தொடங்கிய பிறகும் சரி, இந்தக் கேள்வி என்னை விட்டதில்லை. கேட்பவர்களைக் குறை சொல்ல முடியாது. சீனாவில் வெளிநாட்டுப் பத்திரிகைகளின் வேலை எப்படி நடக்கிறது என்பது வெளியே அவ்வளவாகத் தெரியாது. அதை விவரமாகவே எழுதிவிடலாம் என்று நினைக்கிறேன். அப்படி எழுதினால் என் பைலைனில், அதாவது என் பெயர் போட்டு, வந்த செய்திகளுக்குப் பின்னால் இருந்த ஒருவரைப் பற்றித்தான் எழுத வேண்டியிருக்கும்.

முதலில் விதி. ஒரு சீனக் குடிமகன் தன் நாட்டில் வெளிநாட்டுப் பத்திரிகைக்கு நிருபராக இருக்க முடியாது. வெளியுறவு அமைச்சகம் தரும் செய்தியாளர் அட்டை வெளிநாட்டவருக்கு மட்டும்தான். சீனர்கள் 'செய்தி உதவியாளர்' என்ற பெயரில் வேலை பார்க்கலாம். அவர்களையும் நாமே நேரடியாக வேலைக்கு எடுத்துவிட முடியாது. தூதரகங்களுக்கும் வெளிநாட்டு அலுவலகங்களுக்கும் ஆள் தருவதற்கென்றே அரசு சார்ந்த சேவை நிறுவனம் உண்டு. அதன் வழியாகத்தான் வர வேண்டும்.

2008 ஒலிம்பிக்கை ஒட்டி வெளிநாட்டுச் செய்தியாளர்களுக்கான கட்டுப்பாடுகளைத் தளர்த்தினார்கள். அதற்கு முன்பு வெளி மாகாணத்துக்குப் போய்ச் செய்தி சேகரிக்க உள்ளூர் அரசின் அனுமதி வேண்டும். 2007 ஜனவரியிலிருந்து பேட்டி கொடுப்பவர் சம்மதித்தால் போதும் என்றார்கள். திபெத்துக்கு மட்டும் தனி அனுமதி. இந்தத் தளர்வை 2008 அக்டோபர் 17 அன்று சீன அமைச்சரவையின் 537-ஆம் எண் ஆணை நிரந்தரமாக்கியது. எங்களுக்கு அது பெரிய விஷயம். ஆனால் அடுத்த சில மாதங்களில், 2009 பிப்ரவரியில், உதவியாளர்களுக்கென்று தனியாக ஒரு நடத்தை விதி வந்தது. அவர்கள் சுயமாகச் செய்தி சேகரிக்கக் கூடாது. மீறினால் வேலை போகும். வெளிநாட்டவருக்குக் கதவைத் திறந்த கையோடு, கூடவே நடந்து வரும் சீனருக்கு ஒரு கோடு போட்டுவிட்டார்கள்.

நான் பெய்ஜிங்குக்குச் செய்தியாளராகப் போனது அந்த ஆண்டில்தான்.

சீனம் எனக்கு எப்படி வந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். அப்பா சீன வானொலித் தமிழ்ப் பிரிவின் நேயர். 1963-இல் தொடங்கிய ஒலிபரப்பு அது. தமிழ்நாட்டின் சிற்றூர்களில் அதற்கு நேயர் மன்றங்களே இருந்தன. சிற்றலையில் கரகரப்புக்கு நடுவே ஒரு சீனப் பெண் சுத்தமான தமிழில் செய்தி வாசிப்பதை எங்கள் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து கேட்டிருக்கிறேன். அப்பா அனுப்பும் கடிதங்களுக்குப் பதிலாக பெய்ஜிங்கிலிருந்து அட்டையும் நாட்காட்டியும் வரும். அந்தப் பெண் தமிழ் படித்தபோது நாம் ஏன் சீனம் படிக்கக் கூடாது என்று தோன்றியது. டெல்லி ஜேஎன்யூவில் படித்தேன். அப்புறம் உதவித்தொகை கிடைத்து பெய்ஜிங் மொழி, பண்பாட்டுப் பல்கலைக்கழகம். அது இருக்கும் வூதாவ்கோ பகுதி முழுக்க மாணவர்கள்தான். அங்கே இருந்தபோது எனக்குச் சீனம் நன்றாக வந்துவிட்டது என்றே நம்பினேன். வகுப்பறைச் சீனம் நன்றாகத்தான் வந்திருந்தது.

செய்தியாளரின் சீனம் வேறு. பெய்ஜிங் தெற்கு ரயில் நிலையத்தை அடுத்த யோங்திங்மென் பக்கம் முறையீட்டு அலுவலகம் இருக்கிறது. உள்ளூரில் நீதி கிடைக்காதவர்கள் நாட்டின் எல்லா மூலைகளிலிருந்தும் மனுவோடு அங்கே வருவார்கள். பேரரசர்கள் காலத்திலிருந்தே தலைநகருக்கு வந்து முறையிடும் வழக்கம் உண்டு. ஹெனான், சிச்சுவான், ஹூபெய், ஷாங்சி என்று ஒவ்வொருவரும் தங்கள் ஊர்ப் பேச்சில் பேசுவார்கள். பெய்ஜிங் வானொலிச் சீனத்துக்கும் அதற்கும் இருக்கும் தூரம் கொஞ்சநஞ்சமில்லை. ஒரு ஹெனான் பாட்டி வேகமாகப் பேசினால் பெய்ஜிங்கில் பிறந்தவர்களே விழிப்பார்கள்.

என் உதவியாளர் விழிக்க மாட்டார். சிறிய ஊரில் வளர்ந்து, வெவ்வேறு மாகாணப் பிள்ளைகளோடு விடுதியில் தங்கிப் படித்தவர். எனக்கு இளையவர், ஆனாலும் எப்போதும் 'நீங்கள்' என்றுதான் பேசிக்கொள்வோம். அவருடைய முதல் திறமை பேச விடுவது. முறையீட்டுக்கு வருபவர்களிடம் ஒரு பிளாஸ்டிக் பை இருக்கும். அதற்குள் நிலப் பத்திரம், அடையாள அட்டை நகல், நீதிமன்றத் தீர்ப்பு, மருத்துவமனை ரசீது, இடித்த வீட்டின் புகைப்படம். அதை ஒவ்வொன்றாக எடுத்து வைத்து ஆரம்பத்திலிருந்து சொல்வார்கள். என்னைப் போன்ற செய்தியாளருக்கு வேண்டியது இரண்டு வரி: எத்தனை மூ நிலம் போனது, என்ன நஷ்டஈடு தந்தார்கள். பதினைந்து மூ சேர்ந்தால் ஒரு ஹெக்டேர், கணக்கு சுலபம். அவர் அப்படிக் கேட்க மாட்டார். நடைபாதையில் அவர்களோடு உட்கார்ந்து ஒவ்வொரு தாளையும் முழுதாக வாசிப்பார். நடுவில் நான் கேள்வி கேட்டால் கையைக் காட்டி நிறுத்துவார்.

அப்படி வாசித்ததில்தான் பல செய்திகள் கிடைத்தன. தீர்ப்பில் இருக்கும் தேதிக்கு முன்பே வீட்டை இடித்திருப்பது, கையெழுத்து வேறொருவருடையது என்பது, ஊரில் இருந்து வந்தவர்களைப் பிடித்து விடுதி அறைகளில் அடைத்து வைத்திருப்பது. இப்படி அடைத்து வைக்கும் இடங்களுக்குக் 'கறுப்புச் சிறை' என்று பெயர். 2009 நவம்பரில் சீன அரசுச் செய்தி நிறுவனமான ஷின்ஹுவாவின் சொந்த வார இதழே அதைப் பற்றி எழுதியது. அரசுப் பத்திரிகை எழுதும் அளவுக்கு அது ஊரறிந்த விஷயமாக இருந்தது. ஆனால் அதில் சிக்கியவர்களின் கதையை அவர்கள் வாயால் கேட்டு வாங்குவது வேறு வேலை. அந்த மனிதர்கள் ஒரு வெளிநாட்டுக்காரனை நம்பிப் பேசவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து தாள்களைப் பொறுமையாக வாசித்த பெண்ணை நம்பிப் பேசினார்கள்.

தினசரி வேலை இவ்வளவு உணர்ச்சிகரமானதல்ல. ஜியன்குவோமென்வாய் தூதரகக் குடியிருப்பில் அலுவலகமும் வீடும் ஒன்றாக இருந்த ஒரு ஃபிளாட். எழுபதுகளில் வெளிநாட்டவருக்காகக் கட்டியது. கேட்டில் காவலர் நிற்பார். உள்ளே வரும் சீனர்களை நிறுத்தி விசாரிப்பார். எனக்கு அங்கே யாரும் ஒன்றும் சொன்னதில்லை. என் உதவியாளர் தன் அனுமதி அட்டையைக் காட்ட வேண்டும், தன் சொந்த நாட்டின் தலைநகரில்.

காலையில் அவர் கட்சிப் பத்திரிகையான 'மக்கள் நாளிதழ்' முதல் பக்கத்தையும், சீனாவின் ட்விட்டர் போன்ற வெய்போவையும் பார்த்துவிடுவார். மூன்று மணிக்கு வெளியுறவு அமைச்சகத்தில் செய்தியாளர் சந்திப்பு. முன்பு வாரத்துக்கு இரண்டு நாள் நடந்துகொண்டிருந்தது, 2011 செப்டம்பரிலிருந்து எல்லா வேலை நாட்களிலும் நடக்கிறது. சந்திப்பு முடிந்ததும் கேள்வி பதிலை இணையதளத்தில் போடுவார்கள். சங்கடமான கேள்வி அதில் இருக்காது. நான் கேட்டு, பேச்சாளர் பதிலும் சொன்ன கேள்வி மாலையில் அந்தப் பக்கத்தில் காணாமல் போயிருக்கும். அதனால் ஒலிப்பதிவிலிருந்து நாங்களே முழுவதையும் எழுதி வைப்போம். இரவு ஏழு மணிக்கு அரசுத் தொலைக்காட்சிச் செய்தி. இந்தியாவைவிட பெய்ஜிங் இரண்டரை மணி நேரம் முன்னால் ஓடுவதால், டெல்லி டெஸ்க், அதாவது எங்கள் பத்திரிகையின் ஆசிரியர் குழு, விழித்துக்கொண்டு "இதற்குச் சீனாவின் எதிர்வினை என்ன?" என்று கேட்கும்போது எங்களுக்கு இரவு பத்து தாண்டியிருக்கும். உதவியாளர் அப்போதுதான் சுரங்க ரயிலில் வீட்டுக்குப் போய்ச் சேர்ந்திருப்பார். ஃபோனை எடுப்பார்.

இந்த 'எதிர்வினை' விஷயத்தில் எனக்கு இன்றும் வருத்தம் உண்டு. இந்திய ஊடகங்கள் சீனக் கட்சி சார்ந்த 'குளோபல் டைம்ஸ்' பத்திரிகையின் தலையங்கத்தை எடுத்து "சீனா மிரட்டல்" என்று தலைப்புப் போடுவது ஒரு வழக்கமாகவே ஆகிவிட்டது. அந்தப் பத்திரிகையின் சீனப் பதிப்பு 1993-இல் தொடங்கியது. ஆங்கிலப் பதிப்பு 2009-இல்தான் வந்தது. இரண்டிலும் ஒரே விஷயம் ஒரே மாதிரி வராது. ஆங்கிலத்தில் வருவதில் பெரும்பகுதி நம்மைப் போன்றவர்கள் படிக்க வேண்டும் என்பதற்காகவே எழுதுவது. சீன வாசகன் அன்று என்ன படிக்கிறான் என்பதை அது சொல்லாது. 2017-இல் பூட்டானை ஒட்டிய டோக்லாமில் இந்திய, சீன ராணுவங்கள் ஜூனிலிருந்து ஆகஸ்ட் 28 வரை எதிரெதிரே நின்றன. அந்த வாரங்களில் இந்தியத் தொலைக்காட்சிகள் தினமும் ஒரு குளோபல் டைம்ஸ் தலையங்கத்தை வைத்து விவாதம் நடத்தின. அதே நாட்களில் என் உதவியாளர் சீனப் பத்திரிகைகளின் பக்கங்களை மேசையில் விரித்து வைத்து டோக்லாம் செய்தி எந்தப் பக்கத்தில், எவ்வளவு இடத்தில் வந்திருக்கிறது என்று காட்டுவார். சத்தம் எங்கே இருக்கிறது, முடிவெடுப்பவர்கள் எங்கே மௌனமாக இருக்கிறார்கள் என்பதை அப்படித்தான் தெரிந்துகொண்டேன். சீனத்தை நேரடியாகப் படிப்பவர்கள் இந்தியச் செய்தி அறைகளில் விரல் விட்டு எண்ணும் அளவுக்குத்தான் இருக்கிறார்கள். இரண்டாயிரம் ஆண்டு அண்டை நாட்டைப் பற்றி மூன்றாவது மொழி வழியாகவே தெரிந்துகொள்வது நமக்கு நல்லதல்ல.

யீவூ விவகாரத்தைச் சொல்ல வேண்டும். செஜியாங் மாகாணத்தில் இருக்கும் சந்தை நகரம் யீவூ. நம் ஊர்த் திருவிழாக் கடைகளில் தொங்கும் பொம்மையும் வளையலும் அங்கிருந்துதான் வருகின்றன. 2011 டிசம்பரில் அங்கே இரண்டு இந்தியர்களைச் சீன வியாபாரிகள் பிடித்து வைத்துக்கொண்டார்கள். அவர்கள் வேலை பார்த்த நிறுவனத்தின் முதலாளி பெரிய தொகையைப் பாக்கி வைத்துவிட்டுத் தலைமறைவாகிவிட்டார். அவர்களை மீட்கப் போன இந்தியத் துணைத் தூதரக அதிகாரி ஒருவர் சர்க்கரை நோயாளி. உணவோ மருந்தோ இல்லாமல் நீதிமன்றத்திலேயே மயங்கி விழுந்தார். இந்தியாவில் கொந்தளிப்பு. அது நியாயமான கொந்தளிப்புதான்.

நான் அந்த இருவரின் நிலையை எழுதினேன். என் உதவியாளர், கடைக்காரர்களையும் கேட்க வேண்டும் என்று பிடிவாதமாக நின்றார். மாலையில் ஷட்டர் இறக்கும் நேரத்தில் கடை கடையாகப் போனோம். பத்துக்குப் பத்து அறையில் கணவனும் மனைவியும் சேர்ந்து நடத்தும் கடைகள். அவர்களுக்குப் பின்னால் கிராமத்தில் சிறு பட்டறை, அதில் வேலை செய்யும் சொந்தக்காரர்கள். கடனில் சரக்குக் கொடுத்திருக்கிறார்கள், சீனப் புத்தாண்டுக்கு முன்பு தொழிலாளர்களுக்குக் கூலி கொடுத்தாக வேண்டும், பணம் வராது என்று தெரிந்துவிட்டது. ஒரு பெண் கணக்குப் புத்தகத்தைத் திறந்து காட்டிக்கொண்டே அழுதார். ஆட்களைப் பிடித்து வைத்தது குற்றம், அதில் எனக்கு இரண்டு கருத்து இல்லை. ஆனால் அந்தக் குற்றத்தின் பின்னால் இருந்த கடன் சங்கிலி என் செய்தியில் இடம்பெற்றதற்குக் காரணம் அவர்தான். அந்தச் செய்தி என் பைலைனில் வந்தது. வேறெந்தப் பெயரும் அதில் இருக்க விதி இடம் தராது.

மொழிபெயர்ப்பு என்ற வேலையின் முழு உருவத்தை நான் பார்த்தது ஷான்டாங் மாகாணத் தலைநகரான ஜினானில். 2013 ஆகஸ்ட் 22-இல் தொடங்கி 26 வரை போ ஷிலாய் வழக்கு அங்கே நடந்தது. கம்யூனிஸ்ட் கட்சியின் உயர்மட்ட அரசியல் குழுவில் (பொலிட்பீரோ) உறுப்பினராக இருந்தவர், சோங்சிங் மாநகரின் கட்சிச் செயலாளராக இருந்தவர். அவருடைய முன்னாள் காவல்துறைத் தலைவர் வாங் லிஜுன் 2012 பிப்ரவரியில் செங்துவில் உள்ள அமெரிக்கத் துணைத் தூதரகத்துக்குள் போய் உட்கார்ந்ததிலிருந்து தொடங்கிய கதை. லஞ்சம், கையாடல், அதிகார துஷ்பிரயோகம் ஆகியவை குற்றச்சாட்டுகள். வெளிநாட்டுச் செய்தியாளர் யாருக்கும் நீதிமன்றத்துக்குள் இடமில்லை. அதற்குப் பதிலாக நீதிமன்றமே தன் வெய்போ கணக்கில் விசாரணையைத் துண்டு துண்டாக வெளியிட்டது. சீனாவில் அதற்கு முன்பு இவ்வளவு பெரிய வழக்கில் யாரும் அப்படிச் செய்து பார்த்ததில்லை.

நீதிமன்றத்துக்குப் பக்கத்தில் ஒரு விடுதி. உலகத்தின் பெரிய பத்திரிகைகள் எல்லாம் அங்கே மடிக்கணினியைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தன. ஒவ்வொரு செய்தியாளருக்குப் பக்கத்திலும் ஒரு சீன இளைஞர் அல்லது இளம்பெண். பதிவு வந்ததும் அறை முழுக்க ஒரே நேரத்தில் மெல்லிய குரல்களில் ஆங்கிலம், ஜெர்மன், ஜப்பானியம், பிரெஞ்சு. போ ஷிலாய் உள்ளே பேசியது உலகத்துக்குப் போய்ச் சேர்ந்தது அந்த இளைஞர்களின் வாய் வழியாக.

என் உதவியாளர் திரையைப் பார்த்து உரக்க வாசித்தார். நானே படித்துவிடுவேன், ஆனால் அவர் வாசிக்கும்போது ஆட்கள் தெரிந்தார்கள். அரசு வழக்கறிஞர் பேச்சில் அலுவலகக் காகிதத்தின் நடை. போ பேசும்போது படித்த குடும்பத்து மனிதரின் மிடுக்கு. தாலியன் தொழிலதிபர் ஷூ மிங் சாட்சி சொன்னார். பிரான்சின் கான் நகரில் போவின் மனைவிக்கு ஒரு பங்களா வாங்கக் காசு கொடுத்ததாகச் சொல்லப்பட்டவர் அவர்தான். போ அவரைக் குறுக்கு விசாரணை செய்தார். இதை என்னிடம் சொன்னாயா, அதைச் சொன்னாயா என்று அடுக்கடுக்காகக் கேள்விகள். ஒவ்வொன்றுக்கும் 'இல்லை' என்ற பதில். திரையில் அது வெறும் கேள்வி, பதில், கேள்வி, பதில். என் உதவியாளர் கேள்வியை ஒரு வேகத்திலும் பதிலை வேறு வேகத்திலும் வாசித்தார். அவ்வளவுதான் செய்தார். அங்கே நடந்தது என்ன என்று புரிந்துவிட்டது: தன் கட்சி தன்னை முடித்துவிட்டது என்று தெரிந்த ஒருவர் பதிவேட்டில் தன் குரல் இருக்க வேண்டும் என்பதற்காகப் போராடிக்கொண்டிருந்தார். என் செய்தியின் தொனியை அதுதான் தீர்மானித்தது.

நீதிமன்றம் வெளியிட்ட புகைப்படத்தில், உயரமான போவின் இருபுறமும் அவரையும் விட உயரமான இரண்டு காவலர்கள். செப்டம்பர் 22 அன்று ஆயுள் தண்டனை. அந்த விடுதியில் பகலும் இரவும் மொழிபெயர்த்த இளைஞர்கள் ஒருவர் பெயரையும் எந்தப் பத்திரிகையும் அச்சடிக்கவில்லை.

அவர்கள் பெயர் செய்திகளில் வந்த சந்தர்ப்பங்கள் உண்டு. எல்லாம் கைதான பிறகு. 'நியூயார்க் டைம்ஸ்' பெய்ஜிங் அலுவலகத்தில் ஆய்வாளராக இருந்த சாவ் யான் 2004 செப்டம்பரில் கைதானார். முன்னாள் அதிபர் ஜியாங் செமின் ராணுவப் பொறுப்பிலிருந்து விலகப்போகிறார் என்று அந்தப் பத்திரிகை முன்கூட்டியே எழுதியதை ஒட்டிய கைது. அரசு ரகசியத்தை வெளியிட்டதாகச் சாட்டிய குற்றம் நிரூபணமாகவில்லை, வேறொரு மோசடி வழக்கில் மூன்று ஆண்டு சிறை. 2007-இல்தான் வெளியே வந்தார். ஜெர்மனியின் 'டீ சைட்' வார இதழின் உதவியாளர் சாங் மியாவ் 2014 அக்டோபரில், ஹாங்காங்கில் ஜனநாயகம் கேட்டு நடந்த குடைப் போராட்டத்தின்போது கைதாகி, ஒன்பது மாதம் உள்ளே இருந்தார். புளூம்பெர்க்கின் ஹேஸ் ஃபேன் 2020 டிசம்பரில் தேசப் பாதுகாப்பு விசாரணை என்ற பெயரில் அழைத்துச் செல்லப்பட்டார். 2022 ஜனவரியில் ஜாமீன்.

நாங்கள் சந்திக்கக்கூடிய மோசமான விளைவு என்ன? பெரும்பாலும் விசா. ஒவ்வொரு டிசம்பரிலும் செய்தியாளர் அட்டையைப் புதுப்பிக்கும்போது வயிற்றில் ஒரு பயம் இருக்கும். அல் ஜசீராவின் மெலிசா சான் 2012-இல் விசா நீட்டிப்புக் கிடைக்காமல் கிளம்ப வேண்டியிருந்தது. 2020 மார்ச்சில் மூன்று பெரிய அமெரிக்கப் பத்திரிகைகளில் இருந்த அமெரிக்கச் செய்தியாளர்கள் பலர் வெளியேற்றப்பட்டார்கள். அந்த அலையில் அமெரிக்க ஊடகங்களின் சீன உதவியாளர்கள் சிலருக்கும் வேலை அனுமதி ரத்தானது. செய்தியாளர்கள் சியோலுக்கும் தைபேக்கும் போய் அங்கிருந்து எழுதினார்கள். உதவியாளர்களுக்கு அப்படிப் போக ஓர் ஊர் இல்லை, அவர்களுடைய ஊரே அதுதான். நான் எழுதிய ஒரு செய்திக்காக என்னை அமைச்சகத்துக்குக் கூப்பிட்டால் தேநீர் கொடுத்து, மரியாதையாகக் கடிந்துகொள்வார்கள். அதே செய்திக்காக அவரைக் கூப்பிட்டால் அம்மா அப்பாவின் முகவரியைச் சரிபார்ப்பார்கள்.

அவர் எத்தனை முறை அப்படிப் போய் வந்தார் என்று எனக்குத் தெரியும் என்று சொல்ல மாட்டேன். திரும்பி வந்தால் தன் நாற்காலியில் உட்கார்ந்து, விட்ட இடத்திலிருந்து வேலையைத் தொடங்குவார். "இதை எழுத வேண்டாமா?" என்று நான் கேட்டால், "எழுதுங்கள், ஆனால் அந்த விவசாயியின் ஊர்ப் பெயரை எடுத்துவிடுங்கள்" என்பார். தன்னைப் பற்றிப் பேசவே மாட்டார். யாரிடம் பேசினோமோ அவர்களைப் பற்றித்தான் கவலை.

இது இன்று நேற்று தொடங்கியதல்ல. அமெரிக்கச் செய்தியாளர் எட்கர் ஸ்னோ 1936-இல் கம்யூனிஸ்டுகளின் தளமாக இருந்த பாவோஆனில் மாவோவைச் சந்தித்ததுதான் உலகம் முதன்முதலில் மாவோவின் வாழ்க்கையை அவர் வாயால் கேட்ட நிகழ்ச்சி. ஸ்னோவின் சீனம் அதற்குப் போதாது. வூ லியாங்பிங் என்ற இளைஞர் மாவோ சொன்னதை ஆங்கிலத்தில் சொன்னார், ஸ்னோ எழுதிக்கொண்டார். ஸ்னோ எழுதியதை மறுபடியும் சீனத்துக்குக் கொண்டுவந்து மாவோவிடம் காட்டினார்கள். அவர் திருத்தினார். திருத்தியது திரும்பவும் ஆங்கிலத்துக்குப் போனது. உலகம் படித்த அந்த வாழ்க்கைக் கதை இத்தனை கை மாறி வந்தது. ஸ்னோவோடு போர்முனைக்கு மொழிபெயர்ப்பாளராகப் போன யென்சிங் பல்கலை மாணவர் ஹுவாங் ஹுவா பின்னாளில் சீனாவின் வெளியுறவு அமைச்சரே ஆனார். ஸ்னோ தன் புத்தகத்தில் வூவின் பங்கைப் பெயர் சொல்லி எழுதினார். அன்று அப்படி எழுத முடிந்தது. வூவுக்கு அதனால் பெருமைதான் கிடைத்தது. இன்று நான் என் உதவியாளரின் பெயரை எழுதினால் அவர் குடும்பத்துக்கு என்ன வரும் என்று எனக்குத் தெரியாது. அதனால் எழுதவில்லை.

டோக்லாமுக்குப் பிறகு நான் இந்தியா திரும்பினேன். 2020 ஜூனில் லடாக்கின் கல்வான் பள்ளத்தாக்கில் இரு ராணுவங்களுக்கும் மோதல் நடந்தது. அதன் பின் இரு நாடுகளும் மற்றவர் செய்தியாளர்களின் விசாவை ஒவ்வொன்றாக நிறுத்தின. இந்தியா ஷின்ஹுவா, சீன அரசுத் தொலைக்காட்சிச் செய்தியாளர்களைத் திருப்பி அனுப்பியது, சீனா நம்மவர்களைத் திருப்பி அனுப்பியது. 2023 ஜூனில் பெய்ஜிங்கில் மிஞ்சியிருந்த கடைசி இந்தியச் செய்தியாளரும் கிளம்பினார். மூவாயிரத்து நானூறு கிலோமீட்டருக்கு மேல் எல்லை தகராறில் இருக்கும் இரண்டு நாடுகள், ஆளுக்கு நூற்று நாற்பது கோடி மக்கள், பார்த்து எழுத அப்போது அங்கே நம் ஆள் ஒருவரும் இல்லாமல் போனது. இதில் யார் முதலில் தொடங்கினார்கள் என்ற வாதத்தில் எனக்கு அக்கறை இல்லை. இழப்பு இரண்டு பக்கத்துக்கும்தான். ஒவ்வொரு இந்திய அலுவலகம் மூடியபோதும் ஒரு சீன உதவியாளர் வேலை இழந்தார். இந்தியாவைப் பற்றிப் பொறுமையாகத் தெரிந்துகொண்ட, நம்மிடம் சண்டை போட்டுத் திருத்தத் தெரிந்த ஒரு சீனரை நாம் இழந்தோம்.

இப்போது மொழிபெயர்ப்புதான் என் வேலை. சிறுகதைகள். ஆங்கிலம் வழியாகப் போகாமல் நேரே சீனத்திலிருந்து. காசு என்று பெரிதாக ஒன்றும் இல்லை, வீட்டு வாடகை ஆங்கிலத்தில் எழுதும் கட்டுரைகளால் நடக்கிறது. கிராமத்து மனிதர்கள் பேசும் கதைகளையே தேடி எடுக்கிறேன். ஒரு ஹெனான் விவசாயி நிலம் போனதைச் சொல்லும் பக்கம் வந்தால், அகராதியைத் திறக்கும் முன் எனக்கு யோங்திங்மென் நடைபாதையில் கேட்ட பேச்சு காதில் வரும்: எங்கே மூச்சு விடுவார்கள், எதை மூன்று முறை சொல்வார்கள், எந்த இடத்தில் பேச்சை நிறுத்திவிட்டுப் பையிலிருந்து தாளை எடுப்பார்கள். செய்தியில் அதை எல்லாம் வெட்டிவிடுவேன், ஐந்நூறு வார்த்தைக்கு மேல் டெஸ்க் இடம் தராது. கதையில் அது முழுவதையும் வைக்க முடிகிறது. செய்தியாளனாக நான் கேட்டும் எழுதாமல் விட்ட மனிதர்களுக்கு அந்தப் பக்கங்களில் இடம் கொடுக்கிறேன் என்று நினைத்துக்கொள்வேன். அதனால்தான் இந்த வேலை எனக்குப் பிடித்திருக்கிறது.

என் உதவியாளர் இப்போது சீனாவுக்கு வெளியே, வேறு வேலையில் இருக்கிறார். சந்தேகம் வந்தால் அவரிடம்தான் கேட்கிறேன். வட்டாரப் பேச்சு வரும் இடங்களில் பத்தியை அவர் உரக்க வாசிக்க, நான் கேட்டுக்கொண்டு தமிழில் எழுதுவேன். ஜினானில் செய்த அதே வேலை, அவசரம் மட்டும் இல்லை. வரப்போகும் தொகுப்பின் அட்டையில் என் பெயரோடு அவர் பெயரும் இருக்க வேண்டும் என்று கேட்டேன். அப்பா அம்மா இன்னும் ஊரில்தான் இருக்கிறார்கள் என்றார். நானும் அதற்கு மேல் வற்புறுத்தவில்லை.

இந்தப் பதிவை வெளியிடும் முன் தொலைபேசியில் அவருக்குச் சீனத்தில் வரி வரியாகச் சொன்னேன். அவர் வளர்ந்த மாகாணத்தின் பெயரையும் படித்த கல்லூரியையும் எடுக்கச் சொன்னார், எடுத்துவிட்டேன். யீவூவில் அழுத பெண்ணின் கடை எந்தப் பொருளை விற்றது என்று எழுதியிருந்தேன், அதையும் எடுக்கச் சொன்னார். அந்தச் சந்தையில் அந்தப் பொருளை விற்பவர்கள் குறைவாம், தேடினால் கண்டுபிடித்துவிடுவார்களாம். ஜினான் பகுதியில் ஒரு திருத்தம் சொன்னார்: அந்த அறையில் இருந்தவர்கள் எல்லாரும் இளைஞர்கள் இல்லை, ஜப்பானியப் பத்திரிகை ஒன்றின் உதவியாளருக்கு ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும், எண்பதுகளிலிருந்து அந்த வேலை பார்ப்பவர், எல்லாருக்கும் கடினமான சட்டச் சொற்களை அவர்தான் சொல்லிக்கொடுத்தார், அவரை விட்டுவிடாதீர்கள் என்றார்.